கட்டிலில் உட்கார்ந்திருந்தவர்

வாழ்க்கையில் நான் ஒரே ஒரு படம்தான் எடுத்தேன். பன்னிரண்டு நிமிடம் ஓடும். கல்யாண வீடியோக்கள் நிறைய எடுத்திருக்கிறேன். அவற்றை நான் படம் என்று சொல்வதில்லை, எடுக்கச் சொன்னவர்களும் "கேசட்" என்றுதான் சொன்னார்கள். அந்தப் பன்னிரண்டு நிமிடத்தை எடுக்காமல் இருந்திருந்தால் எனக்கு இன்றைக்கும் ஓர் அண்ணன் இருந்திருப்பார். அண்ணன் இறந்துவிடவில்லை. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இதைக் கேட்கிறவர்கள் எல்லாம் கடைசியில் யாராவது செத்துப்போவார்கள் என்று காத்திருந்துவிட்டு, ஏமாந்துபோய் எழுந்து போகிறார்கள்.

தொண்ணூறுகளின் தொடக்கம் அது. ராஜபாளையத்தில் பழைய பஸ் ஸ்டாண்டுக்குப் பின்தெருவில் ஒரு வீடியோ கடையில் எனக்கு வேலை. முன்னால் கேசட் வாடகைக்குக் கொடுப்போம், பின்னால் ஓர் அறையில் கல்யாண வீடியோக்களை எடிட் செய்வோம். கடை ஒரு பாயுடையது. துணி வியாபாரக் குடும்பத்தில் பிறந்து, துணி என்றாலே வெறுத்துப்போய் வீடியோவுக்கு வந்தவர். கேமரா அவருடையது, தோள் என்னுடையது என்று சொல்லிச் சிரித்துக்கொள்வோம்.

எங்கள் கடைக்கு ஒரு விஷயத்தில் பெயர் இருந்தது. மாப்பிள்ளைக்கோ பெண்ணுக்கோ அப்பா இல்லையென்றால் அந்த வீட்டார் ஒரு போட்டோவைக் கொண்டுவந்து கொடுப்பார்கள். தாலி கட்டுகிற நேரத்தில் மேல்மூலையில் அந்த அப்பாவின் முகம் மெல்லத் தோன்றி, கொஞ்ச நேரம் நின்று, மறைய வேண்டும். மிக்சர் என்ற கருவியில் இரண்டு படங்களை ஒன்றின்மேல் ஒன்றாகக் கலந்து இதைச் செய்வேன். கேசட்டைப் போட்டுப் பார்க்கும்போது அந்த இடம் வந்தால் வீடே அழும். "அப்பா வந்துட்டாக பாரு" என்பார்கள். அப்பாவின் கன்னத்துக்கு ஊடாக மண்டபத்து டியூப் லைட் தெரிவதை ஒருவரும் பெரிதாக எடுத்துக்கொள்ள மாட்டார்கள். செத்துப்போனவர் ஊடே தெரியத்தான் செய்வார் என்று எங்கள் ஊர் முடிவுகட்டியிருந்தது. எனக்கு உள்ளூர எரிச்சலாக இருக்கும். இவ்வளவு எளிதாக நம்புகிறார்களே என்று நினைப்பேன். நம்புகிறவர்களைக் கண்டு எரிச்சல்படுகிற புத்தி அப்போதே எனக்கு வந்துவிட்டிருந்தது.

அண்ணன் எனக்கு எட்டு வயது மூத்தவர். பஞ்சு அரவை மில்லில் எடை போடுகிற வேலை. அம்மாவும் அப்பாவும் அடுத்தடுத்துப் போன பிறகு அண்ணன், மதினி, நான் மூன்று பேர்தான் அந்த வீட்டில். அவர்களுக்குப் பிள்ளை இல்லை. எண்பதுகளின் கடைசியில் ஒரு சாயங்காலம் அண்ணன் மில்லிலிருந்து வந்து, கைகால் கழுவிவிட்டு, முன்னறையில் வந்து நின்றார். எங்கள் முன்னறையின் நடுவில் ஒரு தூண் உண்டு. தூணுக்கு இந்தப் பக்கம் சாப்பிடுகிற இடம், அந்தப் பக்கம் ஒரு கட்டில்.

"யாரு வந்திருக்காக? காப்பி குடுத்தியா?" என்று மதினியிடம் கேட்டார். கட்டிலில் யாரும் இல்லை.

முதலில் விளையாட்டு என்று நினைத்தோம். பிறகு கண்ணில் கோளாறு என்றோம். பிறகுதான் மதுரைக்குக் கூட்டிப்போனோம். அங்கே டாக்டர் பொறுமையானவர். மாத்திரை எழுதிக் கொடுத்துவிட்டு, தினமும் போட வேண்டும், நிறுத்தக் கூடாது என்றார். மாத்திரையில் பாதிதான் குறைந்தது. தினமும் வந்துகொண்டிருந்த அந்த ஆள், வாரத்தில் இரண்டு நாள் மூன்று நாள் வந்தார். ஒன்றும் பேசமாட்டார். விளக்கு வைக்கிற நேரத்துக்கு வந்து கட்டிலில் உட்கார்ந்து, அண்ணன் சாப்பிடுவதைப் பார்த்துக்கொண்டிருப்பார். அண்ணனுக்குச் சோறு இறங்காது. மெலிந்துபோனார். மில்லில் எடையைத் தப்பாகச் சொன்னார் என்று இரண்டு முறை பேச்சு வந்தது.

ஒரு வழியை அண்ணன்தான் கண்டுபிடித்தார். இன்றைக்கும் அதை நினைத்தால் எனக்கு மனசு கனத்துப்போகிறது.

"ஏலே, ஒண்ணு செய்வோம்," என்றார். "நான் கேக்கும்போதெல்லாம் நீ உள்ளதைச் சொல்லு. இருந்தா இருக்காருன்னு சொல்லு, இல்லைன்னா இல்லைன்னு சொல்லு. என் கண்ணை விட்டுட்டு உன் கண்ணை எடுத்துக்கிடுதேன்."

அன்றிலிருந்து அதுதான் வழக்கமாயிற்று. சாப்பாட்டுத் தட்டு முன்னால் இருக்கும். தலையைத் திருப்பாமல் கேட்பார், "கட்டில்ல ஆள் இருக்கா?" நான் எட்டிப் பார்த்துவிட்டு, "இல்லண்ணே," என்பேன். "சரி," என்பார். சோற்றைப் பிசைவார். அவ்வளவுதான். அந்த "சரி" லேசான சொல் இல்லை. தன் கண்ணுக்கு எதிரே ஒரு மனிதர் மூச்சுவிட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்க, தம்பி சொல்கிறான் என்பதற்காக அவர் இல்லை என்று ஒப்புக்கொண்டு சாப்பிடுவது எவ்வளவு பெரிய காரியம் என்று அப்போது எனக்குப் புரியவில்லை. என்னால் யாரையும் அப்படி நம்ப முடியாது. மாத்திரையையும் அந்த நம்பிக்கையில்தான் போட்டுக்கொண்டார். இல்லாத ஆளைப் பார்க்கிறோம், ஆகவே நோய் இருக்கிறது, ஆகவே மாத்திரை. இப்படி மூன்று வருஷத்துக்கு மேல் ஓடியது. உடம்பு தேறியது. மில்லில் பேச்சு நின்றது.

மதினியிடம் அவர் கேட்பதில்லை. அதற்குக் காரணம் இருந்தது. ஆரம்பத்தில் ஒருநாள் அண்ணன் ரொம்பத் தவித்தபோது, அவரைச் சமாதானப்படுத்துவதற்காக மதினி, "ஆமா இருந்தாக, நான்தான் நாளைக்கு வாங்கன்னு சொல்லி அனுப்பிவச்சேன்," என்று சொல்லிவிட்டார். அண்ணன் அந்த நேரத்துக்குச் சாந்தமாகிவிட்டார். ஆனால் கட்டிலிலிருந்த ஆள் போகவில்லையே. அவர் பாட்டுக்கு அங்கேயேதான் இருந்தார். அன்றோடு மதினியின் சொல்லுக்கு மதிப்புப் போய்விட்டது. "அவ எனக்காகப் பேசுவா, நீ உள்ளதைச் சொல்லுவ," என்றார் என்னிடம். மதினிக்கு அது எவ்வளவு வலித்திருக்கும் என்று நான் யோசித்துக்கூடப் பார்க்கவில்லை. எனக்குப் பெருமையாக இருந்தது.

பெருமை என்று சொன்னேன் அல்லவா, அதுதான் என்னைக் கெடுத்தது. மதுரையில் ஒரு திரைப்படச் சங்கம் குறும்படங்களைத் திரையிடப் போவதாக ஒரு பத்திரிகையில் பார்த்தேன். புதிய முயற்சியாக இருக்க வேண்டும் என்று போட்டிருந்தது. கல்யாணக் கேசட்டில் அப்பாக்களை வரவழைத்து வரவழைத்து நான் சலித்துப்போயிருந்த நேரம். அண்ணன் கதை வீட்டிலேயே இருந்தது. ஓர் அறை, ஒரு சாயங்காலம். அதையே இரண்டு தடவை காட்ட வேண்டும். முதல் ஆறு நிமிடம் நான் பார்க்கிறபடி: ஒருவர் சாப்பிடுகிறார், தூணுக்கு அந்தப் பக்கம் கட்டில் காலியாகக் கிடக்கிறது, அவர் எதற்கோ தயங்குகிறார். அடுத்த ஆறு நிமிடம் அவர் பார்க்கிறபடி: அதே சோறு, அதே தயக்கம், கட்டிலில் ஆள். எது நிஜம் என்று படம் சொல்லாது. சொல்லாமல் விடுவதுதான் புத்திசாலித்தனம் என்று எனக்கு ஓர் எண்ணம். யோசனை தோன்றிய அன்று தலைகால் புரியவில்லை. பாயிடம் சொன்னேன்.

"உங்க அண்ணன் சம்மதிப்பாரா?" என்றார் பாய்.

"அவரே நடிக்கட்டும்னு இருக்கேன்."

"நடிக்கிறதுக்கு அவரு என்ன இல்லாததையா செய்யப்போறாரு," என்றார். கேமராவைத் தருகிறேன் என்றும் சொல்லவில்லை, மாட்டேன் என்றும் சொல்லவில்லை. கடையைப் பூட்டும்போது, "பாத்துச் செய்யி," என்றார்.

அண்ணன் உடனே சம்மதித்தார். சந்தோஷப்பட்டார் என்றே சொல்ல வேண்டும். இத்தனை நாளில் அந்த ஆள் எப்படி இருப்பார் என்று நாங்கள் யாரும் அவரிடம் கேட்டதில்லை. கேட்டால் நோய் கூடிவிடும் என்று பயம். நான் நோட்டும் பேனாவுமாக உட்கார்ந்ததும் அண்ணன் ஆசையாகச் சொல்ல ஆரம்பித்தார். ஐம்பத்தைந்து வயது இருக்கும். ஒல்லி. அரைக்கை வெள்ளைச் சட்டை, காலர் மட்டும் நைந்தது. முன்வழுக்கை. இடது புருவம் பாதியில் நின்றுபோயிருக்கும். உட்கார்ந்தால் இரண்டு உள்ளங்கையையும் முழங்காலில் கவிழ்த்து வைத்துக்கொள்வார். பஸ்ஸுக்குக் காத்திருக்கிற ஆள் மாதிரி இருப்பார்.

"கெட்டவரு மாதிரி தெரியாதுலே," என்றார் அண்ணன். "அதான் எரிச்சலா வருது. கெட்டவரா இருந்தா வைஞ்சு அனுப்பிரலாம்."

"அவரையும் படத்துல கொண்டுவருவேன்ணே," என்றேன். எப்படி என்று அவர் கேட்கவில்லை. நானும் சொல்லவில்லை. வேஷம் கட்டிய ஓர் ஆளைப் பார்த்தால் அண்ணன் மிரண்டுவிடுவார், அதனால் நடிகர் என்கிற பேச்சே அவர் காதுக்குப் போக வேண்டாம் என்று நானாக முடிவுசெய்துகொண்டேன். அவர் நல்லதுக்குத்தான் என்று நினைத்தேன்.

ஆளைத் தேடி இரண்டு மாதம் அலைந்தேன். கல்யாண வீடுகளில் பந்தியில் உட்கார்ந்திருப்பவர்களைக் கேமராவின் வழியாகப் பார்த்துப் பார்த்துக் கழித்தேன். கடைசியில் ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு சினிமா கொட்டகையில் கிடைத்தார். டிக்கெட்டைக் கிழித்துக் கொடுத்து உள்ளே விடுகிறவர். ஒல்லி, முன்வழுக்கை, ஐம்பது தாண்டியவர். புருவம் மட்டும் முழுதாக இருந்தது, அதைக் கொஞ்சம் மழித்துக்கொள்ள முடியுமா என்று கேட்டபோது முகம் சுளிக்காமல், "படத்துல நம்மளையும் போடுதீகளா?" என்று மட்டும் கேட்டார். முப்பது வருஷமாக அடுத்தவர்களைப் படம் பார்க்க உள்ளே அனுப்பிக்கொண்டிருந்தவர். அவர் பெஞ்சில் உட்கார்ந்து, சொல்லிக்கொடுக்காமலே இரண்டு கையையும் முழங்காலில் கவிழ்த்து வைத்தார். அண்ணன் சொன்ன ஆளை அச்சாகப் பிடித்துவிட்டேன் என்று குதிக்காத குறைதான்.

புரட்டாசி மாதம். ஒரு வெள்ளிக்கிழமை சாயங்காலம் படப்பிடிப்பு. ஜன்னலை அடைத்து, டியூப் லைட்டோடு ஒரு விளக்கும் போட்டேன். கேமராவை முக்காலியில் நிறுத்தி, கால்கள் நிற்கிற இடத்தில் சாக்பீஸால் வட்டம் போட்டேன். அண்ணன் சாப்பிட்டார். மதினி பரிமாறினார். அண்ணன் ஒரு தடவை கையை நிறுத்தி, கட்டில் பக்கம் பார்த்து, பிறகு சோற்றைப் பிசைந்தார். எத்தனை பேரைப் படம் பிடித்திருக்கிறேன், அந்த மாதிரி ஒரு முகத்தை நான் பிடித்ததில்லை. முடிந்ததும் அண்ணன் சிரித்தார்.

"என்ன கூத்துலே! இன்னைக்கு அவரு வரவே இல்ல. சும்மாத்தான் பாத்தேன்."

நானும் சிரித்தேன். அந்த வார்த்தையை அன்றைக்கு நான் காதில் வாங்கியிருக்க வேண்டும்.

மறுநாள் சனிக்கிழமை. அண்ணனும் மதினியும் ஸ்ரீவில்லிபுத்தூர் பக்கத்தில் இருக்கிற திருவண்ணாமலைப் பெருமாளைக் கும்பிடப் போனார்கள். நான்தான் அனுப்பிவைத்தேன். அவர்கள் பஸ் ஏறியதும் டிக்கெட் கிழிப்பவரை வீட்டுக்கு வரவழைத்தேன். கேமரா முந்தின நாள் நின்ற வட்டத்திலேயே நின்றது. அவர் கட்டிலில் உட்கார்ந்தார். ஆறு நிமிடம் அசையாமல், யாரும் இல்லாத சாப்பாட்டு இடத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். காப்பி குடித்துவிட்டுப் போனார்.

பின்னறையில் மிக்சரில் இரண்டையும் சேர்த்தேன். இந்த முறை ஒன்றின்மேல் ஒன்றாகக் கலக்கவில்லை. திரையை நெட்டுக்குத்தாக இரண்டாகப் பிரித்து, இடது பாதியை வெள்ளிக்கிழமைக் கேசட்டிலிருந்தும் வலது பாதியைச் சனிக்கிழமைக் கேசட்டிலிருந்தும் எடுத்து, தூணின் ஓரத்தில் ஒட்டினேன். ஒட்டு இருக்கிற இடம் எனக்கே தெரியவில்லை. ஊடே எதுவும் தெரியாத, கனமான, உண்மையான ஆள். கட்டிலில் விரித்த போர்வை அவர் உட்கார்ந்த இடத்தில் அமுங்கியிருந்தது. வேலை முடிந்ததும், எங்கள் கடை வழக்கப்படி, அசல் கேசட் இரண்டையும் ரீவைண்ட் செய்து அடுத்த கல்யாணத்துக்கு எடுத்து வைத்தேன். எடிட் முடிந்தால் அசலின்மேல் அடுத்த கல்யாணம் ஏறும், அப்படித்தான் எல்லாக் கடையிலும். அடுத்த வாரமே சேத்தூரில் ஒரு கல்யாணம். இரண்டு கேசட்டும் அதில் போயின.

மதுரையில் படத்தைப் போட்டார்கள். இருபது பேர் இருந்திருப்பார்கள். முடிந்ததும் கண்ணாடி போட்ட ஒருவர் எழுந்து, முதல் பாதிதான் கனவு மாதிரி இருக்கிறது, இரண்டாவது பாதி வெறும் வீடு மாதிரி இருக்கிறது என்றார். எல்லோரும் தலையாட்டினார்கள். வாழ்க்கையில் எனக்குக் கிடைத்த ஒரே பாராட்டு அது. பஸ்ஸில் திரும்பி வரும்போது அந்த வாக்கியத்தையே மனசுக்குள் சொல்லிச் சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்தேன்.

அண்ணனும் பார்க்க வேண்டும் என்றார். அவருடைய முகம், அவருடைய வீடு. காட்டமாட்டேன் என்று எப்படிச் சொல்ல? ஒரு ஞாயிற்றுக்கிழமை கடையிலிருந்து வீடியோ டெக்கைத் தூக்கிவந்து டி.வி.யில் மாட்டினேன். மதினி அரிசி களைந்துகொண்டிருந்தவர், கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு வந்து நின்றார். முதல் பாதி ஓடியது. அண்ணன், "நான் இம்புட்டு மெலிஞ்சா இருக்கேன்?" என்று கேட்டுச் சிரித்தார். இரண்டாவது பாதி வந்தது.

அவர் கத்தவில்லை. எழுந்திருக்கவும் இல்லை. கழுத்தைக் கொஞ்சம் முன்னால் நீட்டினார், அவ்வளவுதான். படம் முடிந்து திரையில் வெறும் புள்ளிகள் ஓடின. நிறுத்த வேண்டும் என்று எனக்குத் தோன்றவில்லை.

"அன்னைக்கு எனக்கே தெரியலையேடா," என்றார். "எனக்கே தெரியல. கட்டில் காலியாத்தான் இருந்துச்சு. உன் கேமராவுக்குத் தெரிஞ்சிருக்கு."

அண்ணே, இது நடிகர், மிக்சிங், இரண்டு கேசட்டை ஒட்டியது என்று படபடவென்று சொன்னேன். அவர் பொறுமையாகக் கேட்டுக்கொண்டார்.

"மிக்சிங்னா எனக்குத் தெரியாதாலே? எத்தனை கல்யாணக் கேசட்டு பாத்திருக்கேன். மிக்சிங்ல வாரவுக ஊடே செவுரு தெரியும். இவருக்கு ஊடே எதுவும் தெரியல. போர்வை அமுங்கியிருக்கு, பாத்தேன்ல."

"ரெண்டு கேசட்டையும் தனித்தனியாக் காட்டுதேன்ணே," என்று சொன்ன பிறகுதான் ஞாபகம் வந்தது. ஒன்றில் சேத்தூர் மாப்பிள்ளை அழைப்பும் மற்றதில் பந்தியும் இருந்தன. அதையும் போட்டுக் காட்டினேன், பைத்தியக்காரன் மாதிரி. அண்ணன் அந்தப் பந்தியைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு என்னைப் பார்த்தார். அவருக்கு என்மேல் பரிதாபம் வந்தது தெரிந்தது.

அதோடு விட்டிருக்கலாம். நாளாவட்டத்தில் மறந்திருப்பார் என்று இப்போதும் என்னை நானே ஏமாற்றிக்கொள்கிறேன். ஆனால் நான் நிரூபிக்கக் கிளம்பினேன். மறுநாள் சாயங்காலமே ஸ்ரீவில்லிபுத்தூர் போய், டிக்கெட் கிழிப்பவரிடம் விஷயத்தைச் சொல்லி, கையோடு கூட்டிவந்தேன். பாவம், நல்ல மனிதர். "நான் வந்து பக்குவமாச் சொல்லுதேன் தம்பி, பதறாதீக," என்று பஸ்ஸில் எனக்கு ஆறுதல் சொல்லிக்கொண்டே வந்தார். அன்றைக்கும் அரைக்கை வெள்ளைச் சட்டைதான். அவரிடம் வேறு சட்டை இல்லையோ என்னவோ. மழித்த புருவம் இன்னும் சரியாக வளர்ந்திருக்கவில்லை. விளக்கு வைக்கிற நேரம்.

அண்ணன் சாப்பிட உட்கார்ந்திருந்தார். வாசலில் அவரைக் கண்டதும் எச்சில் கையோடு எழுந்து நின்றார். பயப்படவில்லை. நெடுநாள் எதிர்பார்த்த சொந்தக்காரரைப் பார்ப்பதுபோல் பார்த்தார்.

"வாங்க," என்றார். "உக்காருங்க." கட்டிலைக் காட்டினார்.

டிக்கெட் கிழிப்பவர் என்னைப் பார்த்தார். உட்காராமல் என்ன செய்வார்? உட்கார்ந்தார். இரண்டு உள்ளங்கையும் தன்னால் முழங்காலுக்குப் போயின.

"இம்புட்டு வருசமா வாரீக. ஒரு வாட்டியாவது பேசியிருக்கலாம்ல?" என்றார் அண்ணன்.

"அய்யா, நான் கொட்டகையில வேலை பாக்கேன். தம்பிதான் என்னைய நடிக்கக் கூட்டியாந்தாரு. அந்த ஒரு தடவைதான் வந்தேன்…" அவர் சொல்லச் சொல்ல அண்ணன் தலையாட்டினார். ஒரு தடவை வந்தேன் என்பது மட்டும்தான் அவர் காதில் விழுந்தது என்று நினைக்கிறேன். பிறகு என் பக்கம் திரும்பினார்.

"இப்பம் சொல்லுலே. கட்டில்ல ஆள் இருக்கா?"

மூன்று வருஷத்துக்கு மேல் நான் சொல்லிவந்த பதில் வாய்க்கு வந்தது. சொல்ல முடியுமா? கட்டிலில் ஒருவர் உட்கார்ந்து வியர்வையைத் துடைத்துக்கொண்டிருக்கிறார்.

"இருக்காருண்ணே," என்றேன்.

அண்ணன் அங்கேயே தரையில் உட்கார்ந்து அழுதார். வளர்ந்த மனிதர் அப்படி அழுது நான் பார்த்ததில்லை. "அப்பம் இம்புட்டு நாளா பொய்யி. உள்ளதைத்தானலே கேட்டேன். உள்ளதை மட்டும்தான கேட்டேன்," என்று அதையே சொன்னார். டிக்கெட் கிழிப்பவரும் அழுதார். மதினி அடுப்படி வாசலில் கையைக் கட்டிக்கொண்டு நின்று என்னையே பார்த்தார்.

அதற்குப் பிறகு அண்ணன் என்னிடம் கேட்கவில்லை. சாப்பாட்டுத் தட்டின் முன்னால் உட்கார்ந்து, கட்டில் பக்கம் ஒரு தடவை பார்த்து, பேசாமல் இருப்பார். நானாகவே, "இல்லண்ணே," என்பேன். காதில் விழாததுபோல் இருப்பார். மாத்திரையை நிறுத்தினார். நோய் இல்லாதவனுக்கு மாத்திரை எதற்கு என்றார். கட்டில் ஆள் தினமும் வர ஆரம்பித்தார். பிறகு மில்லுக்கும் வந்தார். ஒரு மாதத்தில் வேலை போயிற்று. நான் வீட்டுக்குள் நுழைந்தால் அண்ணன் சாப்பிடுவதை நிறுத்திவிடுவார். இவன் இன்னும் எதையெல்லாம் மறைக்கிறானோ என்கிற சந்தேகம் அந்தக் கண்ணில் இருக்கும். அந்தப் பார்வையைத் தாங்க முடியாமல் நான் கடையின் பின்னறையிலேயே தங்க ஆரம்பித்தேன்.

மதினி ஒருநாள் கடைக்கு வந்தார். கடைப்படியில் நின்றபடியே பேசினார்.

"தம்பி, நான் அன்னைக்கு ஒரு பொய் சொன்னேன். அவிய சங்கடப்படக் கூடாதுன்னு சொன்னேன். அதுக்கு என்னைய இத்தனை வருசம் ஒண்ணும் கேக்காம ஒதுக்கிவச்சாக. நீங்க பொய்யே சொல்லல. ஆனா அவியளுக்கு மிச்சமிருந்தது உங்க வார்த்தை ஒண்ணுதான். அதை எடுத்து டி.வி.ல போட்டுக் காட்டிட்டீக."

"மதினி, நான் வேணும்னு…"

"வேணும்னு செய்யலன்னு எனக்குத் தெரியும். தெரிஞ்சு என்ன செய்ய?"

பாய் உள்ளேயிருந்து ஒரு நாற்காலியை எடுத்துப் போட்டார். மதினி உட்காரவில்லை. இனி தானே பார்த்துக்கொள்வதாகச் சொல்லிவிட்டுப் போனார்.

எப்படிப் பார்த்துக்கொண்டார் என்பதை நான் அக்கம்பக்கத்தார் சொல்லித்தான் தெரிந்துகொண்டேன். உப்புக்கூட மறைக்காமல் பேசினார் என்றார்கள். குழம்பில் உப்புக் கூடிவிட்டால் கூடிவிட்டது என்று முதலில் அவரே சொல்வாராம். பால் திரிந்துபோனால் திரிந்துபோனது என்பாராம். அண்ணன் கேட்காமலே, வீட்டில் உள்ளதை உள்ளபடி நாள் முழுக்கச் சொல்லிக்கொண்டே இருந்தாராம், வாசலில் பால்காரர் நிற்கிறார், முற்றத்தில் காக்கை நிற்கிறது, கட்டிலில் யாரும் இல்லை என்று. ஒரு வருஷத்துக்கு மேல் ஆயிற்று. ஒருநாள் அண்ணன் அவரிடம், கட்டிலில் ஆள் இருக்கா என்று கேட்டார். மதினி இல்லை என்றார். அண்ணன் "சரி" என்றார். மாத்திரை மறுபடி ஆரம்பமாயிற்று. மில்லில் இல்லாவிட்டாலும் பேண்டேஜ் துணி மடிக்கிற இடம் ஒன்றில் வேலைக்குப் போகத் தொடங்கினார். இதையெல்லாம் கேள்விப்பட்டபோது எனக்கு நெஞ்சு நிறைந்தது. கூடவே பொறாமையும் இருந்தது. அதையும் மறைப்பதற்கில்லை.

தை பிறந்து கொஞ்ச நாளில், இனிப் போகலாம் என்று தோன்றியது. அண்ணனைப் பார்த்து ஒரு வருஷத்துக்கு மேல் ஆகியிருந்தது. மன்னிப்புக் கேட்க வேண்டும் என்றுகூட இல்லை, பக்கத்தில் உட்கார்ந்து ஒரு வாய் சாப்பிட்டால் போதும். வெளிச்சம் மங்குகிற நேரத்துக்குப் போய் வாசலில் செருப்பைக் கழற்றினேன். கதவு திறந்திருந்தது. அண்ணன் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். உடம்பு தேறியிருந்தது. மதினி மோர் ஊற்றிக்கொண்டிருந்தார்.

அண்ணன் நிமிர்ந்து என்னைப் பார்த்தார். கை சோற்றில் நின்றது. முகம் மாறியது. அந்தப் பழைய தவிப்பு கழுத்து நரம்பில் ஏறுவதை வாசலில் இருந்தே பார்த்தேன். என்னைப் பார்த்தபடியே மதினியிடம் மெதுவாகக் கேட்டார்.

"இந்தா, வாசல்ல தம்பி நிக்கான். உனக்குத் தெரியுதா?"

மதினி திரும்பி என்னைப் பார்த்தார். கண்ணோடு கண் பார்த்தார். அதில் கோபம் இல்லை. ரொம்ப நேரம் பார்த்ததாகத்தான் எனக்கு ஞாபகம்.

"இல்லைங்க," என்றார். "வாசல்ல யாரும் இல்ல."

"சரி," என்றார் அண்ணன். குனிந்து சோற்றைப் பிசைந்தார்.

நான் சத்தம் வராமல் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு தெருவில் இறங்கினேன்.